நேர்ச்சைக்கு விட்ட பதினொரு விளக்குகள்

தேனியில் அந்த ஆஸ்பத்திரியின் இரண்டாம் மாடி வராந்தாவில் இட்லிப் பொட்டலத்தைப் பிரித்துக்கொண்டிருந்தபோதுதான் என் மனைவி அதைச் சொன்னாள்.

"உங்க கேமை அந்தோனியாருக்கு நேந்துக்கிட்டேன்."

எனக்கு உடனே புரியவில்லை. உள்ளே எங்கள் மகள் ரெஜினா கையில் ஊசி குத்திக் கிடந்தாள். டெங்கு. ஐந்தாம் வகுப்புப் பிள்ளை, நான்கு நாளில் மூன்றாம் வகுப்புப் பிள்ளை அளவுக்கு ஆகிவிட்டிருந்தாள். காலையும் மாலையும் ரத்தம் எடுத்துப் போனார்கள். ஒவ்வொரு தடவையும் பிளேட்லெட் இறங்கியிருக்கிறது என்று ஒரு தாளைக் கொடுத்தார்கள். அந்த நிலையில் எவரும் எதை வேண்டுமானாலும் நேர்ந்துகொள்வார்கள். நானே மனதுக்குள் இரண்டு தடவை மொட்டை போட்டிருந்தேன்.

"எந்த கேமு?" என்றேன்.

"உங்கள்ட்ட எத்தன இருக்கு? பீரோவுல இருக்குல்ல, அந்தச் சாம்பக் கலர்ப் பெட்டி. பிள்ள எந்திரிச்சு நடந்தா, அதுக்குள்ள நீங்க வெளையாடிச் சேத்து வச்சிருக்கத அவரு முன்னாடியே அழிச்சிர்றோம்னு சொல்லிட்டேன்."

"பெட்டியைக் கொடுத்துவிடலாமே."

"பெட்டிய வச்சு அவரு என்ன செய்வாக? உள்ள இருக்கதுதான நீங்க பூட்டிப் பூட்டி வச்சிருக்கீக."

"உன் சங்கிலியை நேர்ந்திருக்கலாம்."

பிலோமினா என்னை ஒரு மாதிரி பார்த்தாள். "சங்கிலி போனா வேற சங்கிலி வாங்கிக்கிடலாம். அது ஒரு நேர்ச்சையா? நம்மளால விட முடியாததத்தான குடுக்கணும்."

இந்த 'நம்மளால' என்ற சொல்லில் நான் மட்டும்தான் இருந்தேன். ஆனால் உள்ளே பிள்ளை கிடக்கும்போது இலக்கணம் பேச முடியாது. இட்லியைத் தின்றேன். சட்னி கெட்டுப்போயிருந்தது.

கேட்காமல் கொடுப்பது

எங்கள் பக்கத்துக் கத்தோலிக்கக் குடும்பங்களில் இது புதிதில்லை. ஒருவர் நேர்ந்துகொள்வார், இன்னொருவர் கொடுப்பார். எனக்கு மூன்று வயதில் முடி எடுத்தார்கள். அப்பாவின் வயிற்றுவலிக்காக அம்மா நேர்ந்தது. வயிறு அப்பாவுடையது, வேண்டுதல் அம்மாவுடையது, தலை என்னுடையது. யாரும் என்னைக் கேட்டதாக நினைவில்லை.

என் தங்கை ஒரு வருடம் முழுக்க அந்தோனியாருக்கு நேர்ந்த காவி உடுப்பு போட்டுக்கொண்டு பள்ளிக்கூடம் போனாள். எங்கள் தோட்டத்துப் போர்வெல் தண்ணீர் கொடுக்க வேண்டும் என்பதற்காக. தண்ணீர் வந்தது. அவளுக்கு இன்றுவரை காவி என்றால் ஆகாது.

ஆகவே மனைவி என் ஆட்டத்தை நேர்ந்தது முறைப்படி சரிதான். எனக்குத்தான் வயிறு எரிந்தது. நாற்பது வயதைத் தாண்டியவன், தாலுகா நில அளவையர், ஊரில் நாலு பேர் 'சர்வேயர் சார்' என்று எழுந்து நிற்கிறார்கள். மகளின் உயிருக்காக ஒரு விளையாட்டுப் பெட்டியை விட மனமில்லாமல் வராந்தாவில் நின்றேன். வெட்கமாகத்தான் இருந்தது. ஆனாலும் மனமில்லை.

அன்று மாலை வந்த தாளில் பிளேட்லெட் இறங்கவில்லை. மறுநாள் ஏறியது. பிலோமினா அந்தத் தாளை என் முகத்துக்கு நேரே பிடித்துக் காட்டினாள்.

மேகமலையில் இருந்து இறங்கிய பெட்டி

அந்தப் பெட்டி எனக்கு வந்த கதையைச் சொல்ல வேண்டும்.

என் தாய்மாமா மேகமலையில் ஒரு தேயிலை எஸ்டேட்டில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தார். அங்கே மானேஜராக இருந்தவர் மாற்றலாகிப் போகும்போது, பிள்ளைகள் சலித்துப்போட்ட சாமான்களை விட்டுப் போனார். ஒரு பூப்பந்து மட்டை, வலது கால் மட்டும் ஒரு ரப்பர் பூட்ஸ், இந்த கேம் பெட்டி. மாமா மூன்றையும் சாக்கில் கட்டி, சின்னமனூர் பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வந்தார். அந்த மலைப்பாதையில் பஸ் குலுக்கிய குலுக்கலில் மட்டை உடைந்துவிட்டது. பெட்டிக்கு ஒன்றும் ஆகவில்லை.

செங்கல் அளவு. பச்சைக் கண்ணாடித் திரை. நாலு பென்சில் பேட்டரி போட வேண்டும். முதுகில் ஒரே ஒரு கேசட் செருகியிருந்தது.

ஆட்டம் இதுதான்: ஒரு தீவு. அதில் பன்னிரண்டு கோபுரங்கள். ஒவ்வொரு கோபுரத்திலும் அணைந்துபோன ஒரு விளக்கு. நாம் ஒரு பையன். காடு, குகை, சதுப்பு எல்லாம் தாண்டிப் போய் விளக்குகளை ஏற்ற வேண்டும். கூடவே ஒரு குட்டி மிருகம் வரும். அது ஆடா நாயா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. நாம் போக வேண்டிய வழியை மோந்து காட்டும், நமக்குப் பதிலாக அடி வாங்கும்.

விளையாடியது வரை சேமித்து வைக்கலாம். ஆனால் ஒரு கேசட்டில் ஒரு ஆளுக்குத்தான் இடம். அந்த இடத்தில் மானேஜர் மகன் இருந்தான். மூன்று விளக்கு ஏற்றியிருந்தான். நான் முதலில் இருந்து ஆட வேண்டுமானால் அவனை அழிக்க வேண்டும். எப்படி அழிப்பது என்று தெரியவில்லை. மாமாதான் யாருக்கோ போன் போட்டுக் கேட்டு, எஸ்டேட்டில் தேயிலைக் கொழுந்தின் எடை எழுதும் சீட்டு ஒன்றின் பின்பக்கம் எழுதிக்கொண்டு வந்து கொடுத்தார்: 'முதல் படம் வரும்போது மேல் அம்பு, செலக்ட், பி. மூன்றும் ஒன்றாக.'

அமுக்கினேன். திரையில் ஆங்கிலத்தில் ஒரு கேள்வி வந்தது. எல்லாவற்றையும் அழிக்கவா? கீழே ஆம், இல்லை. அம்புக்குறி 'இல்லை' மேல் நின்றது. நான் அதை 'ஆம்' மேல் கொண்டுவந்து அமுக்கிவிட்டேன். அந்தப் பையனைப் பற்றி ஒரு நொடிகூட நினைக்கவில்லை.

பிறகு மூன்று வருடம் ஆடினேன். வழி மறக்காமல் இருக்கக் கட்டம் போட்ட தாளில் அந்தத் தீவை வரைந்தேன். கோபுரத்துக்குக் கோபுரம் எத்தனை அடி, எங்கே திருப்பம், எங்கே பள்ளம். பின்னாளில் தேவாரம் என்ற ஊரில் ஒரு தோட்டத்தை முதன்முதலாக அளக்கப் போனபோது, இதை ஏற்கெனவே செய்திருக்கிறேனே என்று தோன்றியது. ஆக என் உத்தியோகத்துக்குக் காரணமும் அந்தப் பெட்டிதான்.

பதினொரு விளக்கு ஏற்றினேன். பன்னிரண்டாவது முடியவில்லை. பிளஸ் டூ வந்தது, காலேஜ் வந்தது, வேலை வந்தது, பிலோமினா வந்தாள். பேட்டரி கசிந்துவிடும் என்று கழற்றிவிட்டு, பெட்டியைத் துணியில் சுற்றிப் பத்திரங்களோடு பீரோவில் வைத்தேன். ஓய்வு பெற்ற பிறகு பன்னிரண்டாவதை ஏற்றுவதாகத் திட்டம். ஒருதடவை பிலோமினா ஒட்டடை அடிக்கும்போது அதை இடம் மாற்றிவிட்டாள். நான் அரை நாள் பேசவில்லையாம். அதை நினைவில் வைத்துத்தான் நேர்ந்திருக்கிறாள்.

உள்ளே இருந்தது

ரெஜினா வீட்டுக்கு வந்துவிட்டாள். படுக்கையில் சாய்ந்து உட்கார்ந்து கஞ்சி குடிக்கிற அளவுக்குத் தேறியிருந்தாள். அவள் எழுந்து நன்றாக நடக்க ஆரம்பித்ததும் வருகிற செவ்வாய்க்கிழமை, அந்தோனியாருக்கு உகந்த நாளில், கோயிலுக்குப் போவது என்று முடிவாகியிருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. பிலோமினா பூசைக்குப் போயிருந்தாள். ரெஜினா தூங்கினாள். கடைசியாக ஒருமுறை பார்த்துவிடுவோம் என்று நாலு பேட்டரி வாங்கிவந்து போட்டேன். பெட்டியின் ஓரத்துச் சின்ன விளக்கு எரிந்தது, பாட்டு வந்தது.

ஆரம்பப் பக்கத்தில் 'தொடர்க' என்று ஒரு வரி இருக்கும். அதன்கீழே 'புதிய ஆட்டம்'. இப்போது 'புதிய ஆட்டம்' மட்டும்தான் இருந்தது.

கேசட்டைக் கழற்றி ஊதினேன். அழிரப்பரால் தேய்த்தேன். மறுபடியும் ஊதினேன். 'புதிய ஆட்டம்.'

சின்னமனூரில் தெரிந்த மொபைல் கடைக்காரர் ஒருவர் உண்டு. மறுநாள் அவரிடம் கொண்டுபோனேன். கேசட்டைப் பிரித்துப் பார்த்துவிட்டு, ஒரு பொட்டு அளவு வெள்ளி வட்டத்தைக் காட்டினார்.

"அண்ணே, இங்கன ஒரு செல்லு இருக்கு பாருங்க. இதுதான் உள்ள உள்ளதப் பிடிச்சு வச்சிருக்கும். இது செத்தா எல்லாம் போயிரும்."

"எப்போது செத்தது?"

"அத எப்பிடிண்ணே சொல்ல? அஞ்சு வருசமும் இருக்கலாம், பத்து வருசமும் இருக்கலாம்."

அடக் கொடுமையே என்று ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டேன். ஒட்டடை அடித்தபோது நான் அரை நாள் பேசாமல் இருந்தேனே, அன்றைக்கே உள்ளே ஒன்றும் இல்லாமல் இருந்திருக்கலாம்.

வீட்டுக்கு வந்து, பெட்டியோடு சுற்றி வைத்திருந்த மாமாவின் சீட்டில் இருந்தபடி மூன்று பொத்தானையும் சேர்த்து அமுக்கிப் பார்த்தேன். எல்லாவற்றையும் அழிக்கவா என்று கேட்டது. உள்ளே எதுவும் இல்லாவிட்டாலும் அது கேட்கத்தான் செய்கிறது.

அப்போது எனக்கு ஒரு யோசனை வந்தது, மறைக்க வேண்டியதில்லை. செவ்வாய்க்கிழமை கோயிலில் போய் நிற்பேன். மூன்றையும் அமுக்குவேன். கேள்வி வரும். 'ஆம்' என்பேன். பிலோமினாவுக்கு இருப்பதும் தெரியாது, இல்லாததும் தெரியாது. கொஞ்சம் கண்ணைத் துடைத்துக்கொண்டால் அவளே எனக்கு ஆறுதல் சொல்வாள்.

இதைக் கெடுத்தவள் என் மகள்.

"அப்பா," என்றாள் அன்று சாயங்காலம், "அழிக்கிறதுக்கு முன்னாடி எனக்கு ஒருவாட்டி காட்டுங்க. எனக்காக என்ன குடுக்கீகன்னு பாக்கணும்."

அவள் முழங்கை இரண்டிலும் ஊசி குத்திய இடம் இன்னும் நீலமாக இருந்தது. நான் பெட்டியைக் கையில் வைத்துக்கொண்டு எவ்வளவோ யோசித்தேன். பிறகு பிலோமினாவையும் கூப்பிட்டு உண்மையைச் சொல்லிவிட்டேன்.

பிலோமினா கையில் கரண்டியோடு நின்றாள். திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் முகம் வெளுத்துவிட்டது.

"அப்ப நான் ஒண்ணுமில்லாததயா நேந்தேன்? ஒண்ணுமில்லாததுக்கா அவரு பிள்ளயக் குடுத்தாக?"

"தெரியாமல் நடந்ததுதானே."

"நமக்குத் தெரியாது. அவருக்குத் தெரியுமுல்ல?"

மறுநாள் பங்குச் சாமியாரிடம் போய்க் கேட்டோம். அவர் சிரிப்பை அடக்கிக்கொண்டு, மனதுதான் முக்கியம், மூன்று அருள்நிறை மரியே சொல்லுங்கள், போதும் என்றார். பிலோமினா தலையாட்டினாள். வெளியே வந்து செருப்பை மாட்டும்போது, "சாமி சொல்லுவாக. நேந்தது நானுல்ல?" என்றாள்.

பிறகு, வண்டியில் ஏறிக்கொண்டே முடிவைச் சொன்னாள்.

"வளத்துக் குடுங்க."

பேர் வைக்கக் கூடாத ஆடு

எனக்கு ஒன்பது வயதில் வீட்டில் ஒரு நேர்ச்சை ஆடு வளர்ந்தது. எதற்காக என்பது மறந்துவிட்டது. குட்டியாக வாங்கி ஒரு வருடம் வளர்த்து, திருவிழாவில் கோயிலில் விட வேண்டும். குட்டியாகக் கொடுத்தால் செல்லாது. கொண்டுவந்த அன்றே அம்மா எங்களைக் கூப்பிட்டுச் சொன்னார்: "இதுக்குப் பேரு கீரு வச்சீகன்னா தோல உரிச்சிருவேன்."

பேர் வைக்கவில்லை. அம்மாதான் ஒருநாள் அதைத் தண்ணீர் காட்டக் கூப்பிடும்போது "வாடி ராசாத்தி" என்றுவிட்டார். அதன்பிறகு நடந்தது எதுவும் நல்லதாக இல்லை. திருவிழாவுக்கு அம்மா வரவேயில்லை.

இதை நான் பிலோமினாவிடம் சொல்லியிருந்தேன். அந்த ஆட்டைப்போலப் பதினொரு விளக்கையும் முதலில் இருந்து வளர்த்துக் கொடு என்கிறாள்.

மொபைல் கடைக்காரர் புதுச் செல்லைப் பற்றவைத்துக் கொடுத்தார். டாக்டர் ரெஜினாவைப் பள்ளிக்கூடம் அனுப்ப வேண்டாம் என்றிருந்தார். ஆகவே படுக்கையில் இருந்தபடி அவள் ஆடினாள். நான் ஆபீஸ் விட்டு வந்து வழி சொன்னேன். என் பழைய தாள்கள் எப்போதோ கரையானுக்குப் போயிருந்தன. ஆனால் அடிக்கணக்கு மறக்கவில்லை. சதுப்பில் வடக்கே ஏழு, கிழக்கே மூன்று, பிறகு குதி. எல்லாம் அப்படியே வந்தது.

பிலோமினா முதல் வாரம் பக்கத்திலேயே வரவில்லை. சமையலறையில் இருந்து மட்டும் கேட்பாள்: "எத்தன வெளக்கு?" இரண்டு என்போம். "இன்னும் ஒம்பது," என்பாள்.

முதல் நாளே ஒரு சிக்கல். அந்த மிருகத்துக்குப் பேர் வைக்காமல் ஆட்டம் நகராது. நான் வெறும் ஒரு எழுத்தை அடித்துவிட்டுப் போகலாம் என்றேன். ரெஜினா கேட்கவில்லை. "அம்மா, இதுக்கு என்ன பேரு வைக்க?" என்று கத்தினாள்.

"என்ன கழுதையோ! செல்வின்னு வையி," என்று உள்ளே இருந்து குரல் வந்தது.

நான் தலையில் கை வைத்துக்கொண்டேன்.

நாலாவது விளக்கில் பிலோமினா கட்டிலின் கால்மாட்டில் வந்து உட்கார்ந்தாள், வெங்காயம் உரித்துக்கொண்டே. ஆறாவது விளக்கில் வெங்காயம் இல்லாமல் உட்கார்ந்தாள். குகையில் செல்வி அடிபட்டுச் சுருண்டபோது, "ஏ பிள்ள, அதுக்கு ஏதாச்சும் தின்னக் குடு, பாவம், நொண்டுது பாரு" என்று ரெஜினாவின் தொடையில் ஒரு தட்டுத் தட்டினாள். அவள் டெங்குவில் கிடந்த பிள்ளை என்று நான் நினைவுபடுத்த வேண்டியிருந்தது.

ஒன்பதாவது விளக்கில், நான் வயலில் அளந்துகொண்டிருக்கும்போது போன் வந்தது. "ஏங்க, கெழக்குக் கோபுரத்துக்கு அங்கன ஒரு ஓடை குறுக்க வருது. எப்பிடித் தாண்ட?" பின்னால் ரெஜினாவின் சத்தம் இல்லை. அவள் தூங்குகிறாளாம்.

பதினொன்றாவது விளக்கு எரிந்தபோது ரெஜினா வீட்டுக்குள் ஓடிக்கொண்டிருந்தாள். பள்ளிக்கூடம் போக ஆரம்பித்துவிட்டாள். நேர்ந்த அளவு சரியாகிவிட்டது. செவ்வாய்க்கிழமை போகலாமா என்றேன்.

பிலோமினாவுக்குத் தலைவலி.

அடுத்த செவ்வாய் மழை வருவதுபோல் இருந்தது. அதற்கடுத்த செவ்வாய் அவள் சித்தி வீட்டு விசேஷம். நான்காவது வாரம் நானே கேட்டுவிட்டேன். அவள் சேலை மடிப்பதுபோல் திரும்பி நின்றுகொண்டு சொன்னாள்: "பன்னெண்டாவதையும் ஏத்திட்டுப் போவோமே. அவருக்கும் முழுசாக் குடுத்த மாதிரி இருக்கும்."

ரெஜினா புத்தகப் பையோடு நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். "பதினொண்ணுதானம்மா நேந்தீக," என்றாள்.

செவ்வாய்க்கிழமை

மாலை நவநாள் ஜெபம் முடிந்து கூட்டம் கலைந்துகொண்டிருந்தது. நேர்ச்சைக்கு உப்பும் மிளகும் கொட்டுகிற பெட்டி நிரம்பிவிட்டிருந்தது. கோயில் முற்றத்தில் அந்தோனியார் சுரூபத்துக்கு முன்னால் மூன்று பேரும் நின்றோம். எங்களுக்கு முன்னால் ஒருவர் சேவலோடு நின்றார். அவர் எங்கள் கையில் இருந்த பெட்டியைப் பார்த்தார், நாங்கள் அவர் சேவலைப் பார்த்தோம்.

நான் பெட்டியை வாங்கக் கை நீட்டினேன். ரெஜினா கொடுக்கவில்லை. அம்மாவிடம் நீட்டினாள்.

"நீங்கதான நேந்தீக. நீங்களே அமுக்குங்க."

பிலோமினா வாங்கிக்கொண்டாள். எந்தெந்தப் பொத்தான் என்று மாமாவின் சீட்டை விரித்துக் காட்டினேன். மேல் அம்பு, செலக்ட், பி. அவளுக்கு மூன்று விரல் ஒன்றாக வரவில்லை. இரண்டு தடவை தவறி ஆட்டமே திறந்துகொண்டது. ஆட்டத்தைச் சேமித்து வைக்கிற சத்திரத்து வாசலில் செல்வி உட்கார்ந்து வாலை ஆட்டிக்கொண்டிருந்தது. பார்த்துவிட்டு அணைத்தாள். மறுபடியும் போட்டாள்.

மூன்றாம் தடவை கேள்வி வந்தது. அம்புக்குறி 'இல்லை' மேல் நின்றது.

"இது இல்லன்னுதான் நிக்கிது," என்றாள்.

"அது எப்போதும் அப்படித்தான் நிற்கும். நாம்தான் நகர்த்த வேண்டும்."

வெகுநேரம் நின்றாள். சேவல்காரர் போய்விட்டார். பிறகு கட்டைவிரலால் ஒரு தட்டுத் தட்டி நகர்த்தி, கண்ணை மூடிக்கொண்டு அமுக்கினாள்.

சத்தம் ஏதும் இல்லை. பச்சைத் திரையில் 'புதிய ஆட்டம்' என்று ஒரே வரி.

முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். பிள்ளை ஆஸ்பத்திரியில் கிடந்த நாட்களில்கூட அவள் இப்படி அழுது நான் பார்க்கவில்லை. அப்போது அழ நேரமில்லை. ரெஜினா பயந்துபோய் என் கையைப் பிடித்துக்கொண்டாள். என் பழைய பதினொரு விளக்குகள் எந்த வருடம், எந்த நாள் அணைந்தன என்று எனக்குத் தெரியாது. இந்தப் பதினொன்று அணைந்ததை நின்று பார்த்தேன்.

முகத்தைத் துடைத்துக்கொண்டு பிலோமினா பெட்டியை என் கையில் வைத்தாள்.

"உங்களக் கேக்காம நேந்தது தப்புத்தாங்க," என்றாள்.

கல்யாணமாகி இத்தனை வருடத்தில் அவள் ஒன்றைத் தப்பு என்று ஒத்துக்கொண்டது அதுதான் முதல் தடவை. நான் ஏதாவது பெரிதாகச் சொல்லியிருக்க வேண்டும். "பரவாயில்லை," என்றேன்.

அதற்குள் ரெஜினா என் கையை விட்டுவிட்டாள். வாசலில் பொரி விற்கிறவரை நோக்கி, முற்றத்தின் குறுக்கே ஓடினாள். அந்த முற்றம் நான் அளந்தது, அகலம் எனக்குத் தெரியும். ஒரு இடத்திலும் நிற்காமல் ஓடினாள். பிலோமினா அதைப் பார்த்துக்கொண்டே நின்றாள்.